பழுதுபார்க்கவும் மேம்படுத்தவும் எளிதான கணினி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கணினி வாங்கப் போகிறவர்கள் ப்ராசசர், ரேம், திரை, விலை எல்லாவற்றையும் அலசிப் பார்த்துவிடுகிறார்கள். உள்ளே இருப்பவை ஸ்க்ரூவில் நிற்கின்றனவா, பசையில் நிற்கின்றனவா, மதர்போர்டிலேயே சாலிடர் ஆகி (உலோகத்தை உருக்கி நிரந்தரமாகப் பற்றவைத்து) இருக்கின்றனவா என்பதைத்தான் பெரும்பாலும் பார்ப்பதில்லை. மூன்றாம் வருடம் பேட்டரி படுத்த பிறகோ, ரேம் போதாமல் திணறும்போதோ அது தெரியவருகிறது. கீழே இருப்பவை பணம் கொடுப்பதற்கு முன்பே கேட்க வேண்டிய கேள்விகள்.

பழுதுபார்க்க எளிது, மேம்படுத்த எளிது: இரண்டும் ஒன்றுதானே?

ஒன்றில்லை. பல நேரம் இரண்டும் சேர்ந்தே வரும், ஆனால் பிரிந்தும் வரும். ரேம் முழுக்க போர்டில் சாலிடர் ஆன லேப்டாப்பில் பேட்டரி நாலைந்து ஸ்க்ரூவில் கழன்று வரலாம். ஃபேன், கீபோர்டு, ஸ்பீக்கர் என்று ஒவ்வொன்றையும் தனியாக மாற்ற முடியலாம். அதைப் பழுதுபார்ப்பது சுலபம், மேம்படுத்தத்தான் வழியில்லை. இதற்கு நேர்மாறாக, ரேமுக்கும் எஸ்எஸ்டிக்கும் (கோப்புகளைச் சேமிக்கும் பாகம்) தாராளமாக ஸ்லாட் கொடுத்துவிட்டு, கீபோர்டை மேல்பாகத்தோடு பிளாஸ்டிக்கை உருக்கிச் சேர்த்துவிட்ட மாடல்களும் உண்டு.

இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும் என்றால் பழுதுபார்க்க எளிதானதை எடுங்கள். ரேமை முதல் நாளே கூடுதலாக வாங்கிவிடலாம். பேட்டரியை அப்படி முன்கூட்டி வாங்கி வைக்க முடியாது. பிரிக்காமல் பெட்டிக்குள் வைத்திருந்தாலும் லித்தியம் பேட்டரிக்கு வயதாகிக்கொண்டேதான் இருக்கும்.

லேப்டாப்பில் முதலில் போவது எது?

தேய்கிற பாகங்களும் அசைகிற பாகங்களும்தான். பட்டியலில் முதலிடம் பேட்டரிக்கு. சாதாரண லேப்டாப் பேட்டரி 300 முதல் 500 முழு சார்ஜ் சுற்றுகளில் தன் கொள்ளளவில் கணிசமான பங்கை இழந்துவிடும். நல்ல ரகம் 1000 வரை தாங்கும். அடுத்தது ஃபேன். தூசி அடைத்து, பேரிங் தேய்ந்து, முதலில் சத்தம் போடும், பிறகு நின்றுவிடும். மூன்றாவது கீபோர்டு: ஒரு கோப்பை தண்ணீர் கொட்டினால் போதும். பிறகு சார்ஜிங் போர்ட், மூடியைத் தாங்கும் ஹிஞ்ச், திரை.

ப்ராசசர் தானாகக் கெட்டுப்போவது அரிது. அப்படியும் வாங்கும்போது எல்லோரும் அதிக நேரம் செலவழிப்பது ப்ராசசரின் பெயரில்தான். அதில் பாதி நேரத்தையாவது பேட்டரி எப்படிக் கழற்றப்படுகிறது என்று பார்ப்பதில் செலவழிக்கலாம்.

ஒரு மாடலைக் கழற்றுவது சுலபமா என்று வாங்குவதற்கு முன்பே எப்படித் தெரிந்துகொள்வது?

அந்த மாடலின் சர்வீஸ் மேனுவலை எடுத்துப் படியுங்கள். விளம்பரமோ விமர்சன வீடியோவோ சொல்லாததை அது சொல்லிவிடும். லெனோவோவின் திங்க்பேட், எச்பியின் எலைட்புக், டெல்லின் லாட்டிட்யூட் போன்ற வரிசைகளுக்கு, எந்த பாகத்தை எந்த வரிசையில் கழற்றுவது என்பதைப் படத்தோடு விளக்கும் மேனுவலை அந்த நிறுவனங்களே தங்கள் தளத்தில் இலவசமாக வைத்திருக்கின்றன. மாடல் பெயரோடு சர்வீஸ் மேனுவல் என்று சேர்த்துத் தேடினால் போதும்.

மேனுவல் கிடைத்ததும் முழுவதையும் படிக்க வேண்டாம். பேட்டரி, கீபோர்டு என்று இரண்டு பாகங்களுக்கான பக்கங்களை மட்டும் திறந்து, அதைக் கழற்றுவதற்கு முன் வேறு எதையெல்லாம் கழற்ற வேண்டும் என்று பாருங்கள். அடி மூடி, அடுத்தது பேட்டரி என்று இரண்டே படியில் முடிந்தால் நல்ல வடிவமைப்பு. கீபோர்டுக்கான பக்கத்தில் அடி மூடி, பேட்டரி, எஸ்எஸ்டி, ஃபேன், மதர்போர்டு, ஸ்பீக்கர், திரை என்று வரிசையாகப் போய், கடைசியில் மிஞ்சும் மேல்பாகம் முழுவதும்தான் கீபோர்டு என்று இருந்தால், ஒரு பட்டன் உடைந்தாலும் லேப்டாப்பையே பிரித்துப் போட வேண்டும் என்று அர்த்தம். திங்க்பேட் மேனுவல்களில் சிஆர்யூ என்று குறித்திருக்கும் பாகங்கள் வாங்கியவரே மாற்றிக்கொள்ளலாம் என்று நிறுவனமே ஒப்புக்கொண்டவை. அந்தப் பட்டியல் எவ்வளவு நீளமோ அவ்வளவு நல்லது.

மேனுவலே எங்கும் இல்லை என்றால் அதுவும் ஒரு பதில்தான். அப்படிப்பட்ட மாடலை வேறு வலுவான காரணம் இல்லாமல் நான் பரிந்துரைப்பதில்லை.

நல்ல பெயர் எடுத்த வரிசை என்றால் எந்த மாடலை வேண்டுமானாலும் வாங்கலாமா?

கூடாது. பெயர் ஒன்றாக இருக்கும், உள்ளே வேறாக இருக்கும். 2024இல் வந்த திங்க்பேட் டி14 ஐந்தாம் தலைமுறையில் ரேமுக்கு இரண்டு ஸ்லாட் உண்டு. கழற்றிப் பார்த்து மதிப்பெண் போடும் ஐஃபிக்ஸிட் அதற்கு 10க்கு 9 கொடுத்தது. அதற்கு முந்தைய தலைமுறைகளில் ரேமில் ஒரு பகுதியோ முழுவதுமோ போர்டில் சாலிடர் ஆகியிருந்தது. பெயரில் ஒரே ஒரு எழுத்து கூடுதலாக உள்ள டி14எஸ் மெலிதான ரகம். அதில் ரேமுக்கு ஸ்லாட்டே கிடையாது. கடைக்காரர் டி14 வரிசைதான் என்று சொல்வதை நம்பி வாங்கினால் மூன்றில் எது கைக்கு வரும் என்று சொல்ல முடியாது.

லேப்டாப்பின் அடியில் ஒட்டியிருக்கும் முழு மாடல் எண்ணைக் கேட்டு வாங்குங்கள். அந்த எண்ணை வைத்துத்தான் மேனுவலையும் தேட வேண்டும்.

ரேம் சாலிடர் ஆனதா, ஸ்லாட்டில் இருப்பதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

விவரக் குறிப்பில் வகையைப் பாருங்கள். டிடிஆர்4 அல்லது டிடிஆர்5 என்பதோடு எஸ்ஓ-டிம் (ஸ்லாட்டில் செருகும் ரேம் தகடு) என்றும் இருந்தால் ஸ்லாட் உண்டு. எல்பி என்ற எழுத்துகளோடு தொடங்கி எல்பிடிடிஆர்4எக்ஸ், எல்பிடிடிஆர்5எக்ஸ் என்று இருந்தால், மிகச் சில மாடல்கள் தவிர, சாலிடர்தான். ஆன்போர்டு என்ற சொல்லுக்கும் அதே பொருள். சிலவற்றில் 8 ஜிபி சாலிடர் செய்து கூடவே ஒரு ஸ்லாட்டும் தந்திருப்பார்கள். பெரும்பாலான தேவைகளுக்கு அதுவே போதும்.

பழைய லேப்டாப்பை நேரில் பார்த்து வாங்குகிறீர்கள் என்றால் விண்டோஸின் டாஸ்க் மேனேஜரைத் திறந்து, செயல்திறன் பகுதியில் மெமரியைச் சொடுக்குங்கள். ஃபார்ம் ஃபேக்டர் என்ற வரியில் சோடிம் (அதே எஸ்ஓ-டிம்தான்) என்று இருந்தால் ஸ்லாட்டில் செருகியது. ரோ ஆஃப் சிப்ஸ் என்று இருந்தால் போர்டில் பதித்தது. மூடியைத் திறக்காமலே அரை நிமிடத்தில் தெரிந்துவிடும்.

தலைமுறை மாற்றிப் போட முடியாது என்பதையும் நினைவில் வையுங்கள். டிடிஆர்4 எஸ்ஓ-டிம்மில் 260 பின், டிடிஆர்5இல் 262 பின். வெட்டு இருக்கும் இடமும் வேறு. ஒன்றின் ஸ்லாட்டில் மற்றொன்று நுழையாது.

காசு பிடுங்கத்தான் சாலிடர் செய்கிறார்களா?

ரேமைக் கூட்டுவதற்கு நிறுவனங்கள் கேட்கும் தொகையைப் பார்த்தால் அந்தச் சந்தேகம் நியாயமானதுதான். ஆனால் தொழில்நுட்பக் காரணமும் உண்மையிலேயே இருக்கிறது. எல்பிடிடிஆர் வகை குறைந்த மின்சாரத்தில் அதிக வேகத்தில் ஓடுவது. அதற்கு ப்ராசசருக்கும் ரேமுக்கும் இடையே உள்ள பாதை குட்டையாகவும் சுத்தமாகவும் இருக்க வேண்டும். நடுவே ஸ்லாட் வந்தால் அந்த வேகத்தில் சிக்னல் கெட்டுவிடும். ஆப்பிள் 2020இல் கொண்டுவந்த எம்1 சிப்பிலும், இன்டெல் 2024இல் கொண்டுவந்த லூனார் லேக் ப்ராசசர்களிலும் ரேம் ப்ராசசர் இருக்கும் அதே பொதிக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறது. பழுதுபார்ப்பதையே கொள்கையாகக் கொண்ட ஃப்ரேம்வொர்க் நிறுவனம்கூட 2025இல் வெளியிட்ட டெஸ்க்டாப்பில், ஏஎம்டியின் ரைசன் ஏஐ மேக்ஸ் ப்ராசசருக்காக ரேமை சாலிடர்தான் செய்தது.

இதற்கு மாற்றும் வந்திருக்கிறது. எல்பிகேம்2 என்ற தகட்டு வடிவ ரேம் மாட்யூல், எல்பிடிடிஆரின் வேகத்தையும் வைத்துக்கொண்டு ஸ்க்ரூவில் கழற்ற விடுகிறது. 2024இன் திங்க்பேட் பி1 ஏழாம் தலைமுறை அதோடு வந்தது. இன்னும் பரவலாகவில்லை. பரவினால் சாலிடர் செய்வதற்குச் சொல்லப்படும் காரணங்களில் பெரும்பகுதி அடிபட்டுப்போகும்.

இப்போதைக்கு 8 ஜிபி வாங்கிவிட்டு, பிறகு கூட்டிக்கொள்ளலாமா?

ஸ்லாட் காலியாக இருந்தால் தாராளமாக. வாங்கும்போதே எத்தனை ஸ்லாட், அதில் எத்தனை நிரம்பியிருக்கிறது என்று கேளுங்கள். இரண்டு 8 ஜிபி போட்டு 16 ஆக்கியிருந்தால் நாளைக்கு 32 ஆக்க இரண்டையும் கழற்றிப் போட வேண்டிவரும். ஒரே 16 ஜிபி என்றால் பக்கத்தில் இன்னொன்றைச் செருகினால் முடிந்தது. ஒற்றை ரேமில் ப்ராசசரோடு சேர்ந்திருக்கும் கிராஃபிக்ஸ் கொஞ்சம் மந்தமாக ஓடும். அந்தக் குறை இரண்டாவதைப் போட்டதும் போய்விடும்.

சாலிடர் ஆன லேப்டாப் என்றால் இந்தக் கேள்விக்கே இடமில்லை. இன்றைக்குத் தேவைப்படுவதைப்போல இரண்டு மடங்கு வாங்குங்கள்.

எஸ்எஸ்டி விஷயத்தில் எதைப் பார்க்க வேண்டும்?

எம்.2 ஸ்லாட் (சிறு தகடு வடிவ எஸ்எஸ்டியைச் செருகும் இடம்) இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பெரும்பாலான லேப்டாப்பில் இருக்கும். கூடவே அளவு: 2280 என்றால் 22 மில்லிமீட்டர் அகலம், 80 மில்லிமீட்டர் நீளம். இதுதான் எளிதில் கிடைப்பது. சில மெலிதான மாடல்களில் 2230 அல்லது 2242 மட்டுமே பொருந்தும். இரண்டு எம்.2 ஸ்லாட் இருந்தால் இன்னும் வசதி; பழையதைக் கழற்றாமலே இடத்தைக் கூட்டிக்கொள்ளலாம். எம்.2 வடிவத்திலேயே சாட்டா, என்விஎம்இ என்று இரண்டு வகை உண்டு. சாட்டா மட்டும் ஏற்கும் பழைய ஸ்லாட்டில் என்விஎம்இ ஓடாது.

தவிர்க்க வேண்டியது போர்டில் பதித்த சேமிப்பு. மலிவான சில லேப்டாப்களில் 64 ஜிபி அல்லது 128 ஜிபி இஎம்எம்சி என்று எழுதியிருப்பது இதுதான். வேகமும் குறைவு, கூட்டவும் முடியாது. ஆனால் எனக்கு இதில் பெரிய கவலை வேறு. எஸ்எஸ்டி தனியாக இருந்தால், மதர்போர்டு செத்த அன்றைக்கும் அதைக் கழற்றி, ஒரு யூஎஸ்பி உறையில் போட்டு இன்னொரு கணினியில் செருகினால் கோப்புகள் கிடைத்துவிடும். போர்டிலேயே பதிந்திருந்தால் போர்டோடு குடும்பப் படங்களும் கணக்கு வழக்குகளும் போய்விடும்.

ஒரு எச்சரிக்கை: விண்டோஸ் பல கணினிகளில் பிட்லாக்கர் குறியாக்கத்தைத் தானாகவே போட்டுவிடுகிறது. எஸ்எஸ்டியை வேறு கணினிக்கு மாற்றினாலும், மதர்போர்டை மாற்றினாலும், 48 இலக்க மீட்புச் சாவியைக் கேட்கும். வாங்கிய வாரமே அதை எடுத்துத் தாளில் எழுதி வைத்துவிடுங்கள்.

பேட்டரி உள்ளேயே இருந்தால் மாற்ற முடியாதா?

முடியும். வெளியே கொக்கியை இழுத்துக் கழற்றும் பேட்டரி ஏறக்குறைய வழக்கொழிந்துவிட்டது; உள்ளே இருப்பதாலேயே அது கெட்ட வடிவமைப்பு ஆகிவிடாது. ஸ்க்ரூவில் நிற்கிறதா, பசையில் நிற்கிறதா என்பதுதான் கேள்வி. ஸ்க்ரூவில் நிற்பதை அடி மூடியைத் திறந்து பத்து நிமிடத்தில் மாற்றலாம். பசையில் நிற்பதைப் பிளாஸ்டிக் தகடு விட்டு நெம்ப வேண்டும். நெம்பும்போது செல் மடங்கினாலோ துளைபட்டாலோ தீப்பிடிக்கும் அபாயம் உண்டு. அந்த வேலையை அனுபவமுள்ளவரிடம் விட்டுவிடுங்கள். இழுத்தால் பசை உரிந்து வரும் நாடா வைத்த பேட்டரி இரண்டுக்கும் நடுவில் வரும்.

டச்பேடை அழுத்தினால் சொடுக்கு விழவில்லை, மூடி முழுதாகப் படிந்து மூடவில்லை, மேசையில் வைத்தால் லேப்டாப் ஆடுகிறது என்றால் பேட்டரி உப்பியிருக்கலாம். உடனே சார்ஜரைப் பிடுங்கிவிடுங்கள். இதில் ஒத்திப்போடுவது ஆபத்து.

ஐரோப்பிய ஒன்றியத்தின் பேட்டரி விதிகளின்படி, கையடக்கக் கருவிகளின் பேட்டரியைப் பயனரே கழற்றி மாற்ற முடிய வேண்டும் என்ற நிபந்தனை 2027 பிப்ரவரி 18 முதல் வருகிறது. உலகம் முழுக்க ஒரே வடிவமைப்பை விற்கும் நிறுவனங்களின் லேப்டாப்களில் இதன் பலன் மற்ற நாடுகளிலும் தெரியும் என்று எதிர்பார்க்கிறேன்.

சார்ஜிங் போர்ட்டையும் ஹிஞ்சையும் பற்றி யாரும் பேசுவதில்லையே?

பேச வேண்டும். பழைய உருண்டை பின் சார்ஜர்களில் போர்ட் பெரும்பாலும் ஒரு சிறு வயரோடு தனியாக வரும். ஆட்டம் கண்டால் அதை மட்டும் மாற்றலாம். யூஎஸ்பி-சி போர்ட்டைப் பல நிறுவனங்கள் மதர்போர்டிலேயே சாலிடர் செய்துவிடுகின்றன. தினம் இரண்டு முறை செருகிப் பிடுங்கும் இடம் அது. அது தளர்ந்தால் மதர்போர்டையே மாற்றச் சொல்வார்கள், அல்லது நுண் சாலிடர் தெரிந்த ஒருவரைத் தேடிப் போக வேண்டும். போர்ட்டைச் சிறிய தனிப் போர்டில் வைத்து ஸ்க்ரூவில் இணைத்திருக்கும் மாடல் கிடைத்தால் அதற்குக் கூடுதல் மதிப்பெண் கொடுங்கள். அது கிடைக்காவிட்டால், இருபுறமும் சார்ஜ் ஏறும் போர்ட் உள்ள மாடலாவது எடுங்கள். ஒன்று போனாலும் மற்றது தாங்கும்.

ஹிஞ்சில் பார்க்க வேண்டியது, அதைத் தாங்கும் ஸ்க்ரூ எதில் இறங்குகிறது என்பதை. உலோகச் சட்டத்தில் இறங்கினால் கவலையில்லை. பிளாஸ்டிக்கில் பதித்த பித்தளை மரையில் இறங்கினால், ஹிஞ்ச் இறுகும் காலத்தில் பிளாஸ்டிக் விரிசல் விட்டு மரையோடு பிடுங்கிக்கொண்டு வரும். கழற்றிக் காட்டும் வீடியோக்களில் இந்த இடத்தை நிறுத்திப் பாருங்கள்.

லேப்டாப்பில் ப்ராசசரையும் கிராஃபிக்ஸையும் மாற்ற முடியுமா?

பொதுவாக முடியாது. 2014-15 வாக்கில் இன்டெல் லேப்டாப் ப்ராசசர்கள் சாக்கெட்டை (ப்ராசசரைக் கழற்றி மாட்ட விடும் இருக்கை) கைவிட்டு முழுக்க சாலிடருக்குப் போய்விட்டன. பின்னாளில் கிராஃபிக்ஸ் தேவைப்படும் என்று தெரிந்தால் டெஸ்க்டாப்பை யோசியுங்கள்.

ஃப்ரேம்வொர்க் லேப்டாப் வாங்கலாமா?

கிடைக்கும் நாட்டில் இருந்தால், கொஞ்சம் கூடுதல் விலையைத் தாங்க முடிந்தால், வாங்கலாம். மேலே முடியாது என்று சொன்னதை இவர்கள் வேறு வழியில் சாதிக்கிறார்கள்: ப்ராசசரை மட்டும் மாற்ற முடியாது, ஆனால் ப்ராசசரோடு கூடிய மெயின்போர்டைத் தனியாக விற்கிறார்கள். 2021இல் இன்டெல் 11ஆம் தலைமுறையோடு வாங்கியவர், அதே உடம்பில், அதே திரையும் கீபோர்டும் வைத்துக்கொண்டு, பின்னால் வந்த ஏஎம்டி ரைசன் போர்டைப் பொருத்திக்கொள்ள முடிந்தது. பழைய ரேம் டிடிஆர்4, புதிய போர்டுக்கு டிடிஆர்5 வேண்டும் என்பதால் ரேமுக்கு மட்டும் தனியாகச் செலவு. கழற்றிய பழைய போர்டைச் சின்னப் பெட்டியில் போட்டு மினி பிசியாக ஓட்டலாம்.

குறை என்று பார்த்தால், எல்லா நாடுகளுக்கும் அவர்கள் நேரடியாக அனுப்புவதில்லை. பாகம் கிடைக்காத இடத்தில், எவ்வளவு எளிதாகக் கழன்றாலும் அது வாங்கத் தகுந்த லேப்டாப் ஆகாது. இது எந்த நிறுவனத்துக்கும் பொருந்தும். வாங்குவதற்கு முன் அந்த மாடலுக்கான பேட்டரி, கீபோர்டு இரண்டும் நீங்கள் வாங்கக்கூடிய இடத்தில் விற்பனைக்கு இருக்கின்றனவா என்று தேடிப் பாருங்கள்.

மேக்புக்?

ரேமும் சேமிப்பும் வாங்கியபடியேதான் இருக்கும். 2012இல் ரெட்டினா திரையோடு வந்த மேக்புக் ப்ரோவுக்கு ஐஃபிக்ஸிட் 10க்கு 1 கொடுத்தது: ரேம் சாலிடர், பேட்டரி பசையில், திரை ஒரே கட்டாக. அதன்பிறகு கொஞ்சம் இறங்கி வந்திருக்கிறார்கள். 2022 முதல் சில நாடுகளில் மேக்புக்குக்கு மேனுவலும் பாகங்களும் பொதுமக்களுக்கே கிடைக்கின்றன. உங்கள் வேலைக்கு மேக்தான் வேண்டும் என்றால் வாங்குங்கள், ஆனால் ஐந்தாறு வருடத் தேவையை முதல் நாளே கணக்குப் போட்டு வாங்குங்கள். காப்புப் பிரதியைத் தவற விடாதீர்கள்.

டெஸ்க்டாப் வாங்கினால் இந்தக் கவலை எதுவும் இல்லைதானே?

பெரும்பாலும் இல்லை. தனித்தனியாகப் பாகம் வாங்கி அசெம்பிள் செய்த டெஸ்க்டாப்தான் இன்றைக்கும் பழுதுபார்க்க மிக எளிதான கணினி. இன்டெல் 1995இல் வெளியிட்ட ஏடிஎக்ஸ் அளவுமுறையை எல்லோரும் பின்பற்றுவதே அதற்குக் காரணம்: எந்த நிறுவனத்தின் போர்டும் எந்த நிறுவனத்தின் பெட்டியிலும் உட்காரும், பவர் சப்ளை போனால் வேறு எதையும் வாங்கி மாட்டலாம்.

போர்டைத் தேர்வு செய்யும்போது சாக்கெட்டைப் பாருங்கள். ஏஎம்டியின் ஏஎம்4 சாக்கெட் இதற்கு நல்ல உதாரணம். 2017இல் முதல் ரைசனுக்காக வாங்கிய பல போர்டுகளில், பயாஸை (கணினியைத் தொடக்கி வைக்கும், போர்டிலேயே உள்ள மென்பொருள்) புதுப்பித்துவிட்டு ரைசன் 5000 வரிசை ப்ராசசரைப் போட முடிந்தது. ரேம், பெட்டி, எஸ்எஸ்டி எதையும் மாற்றத் தேவைப்படவில்லை. இன்டெல் பொதுவாக இரண்டு மூன்று தலைமுறைக்கு ஒருமுறை சாக்கெட்டை மாற்றிவிடும். பின்னால் ப்ராசசரை மட்டும் மாற்றும் எண்ணம் இருந்தால் ஏஎம்டி பக்கம் போவதே நல்லது என்பது என் கருத்து.

பிராண்டட் டெஸ்க்டாப்பில்தான் கண்ணி இருக்கிறது. வெளியில் பார்க்க சாதாரணப் பெட்டியாக இருக்கும். உள்ளே பவர் சப்ளையின் வடிவமும் இணைப்பானும் அந்த நிறுவனத்துக்கே உரியவை. அது போனால் அதே பாகம்தான் வேண்டும். கிராஃபிக்ஸ் கார்டு போடலாம் என்று நினைத்தால் பவர் சப்ளையில் அதற்கான வயரே இருக்காது. பின்பக்கப் புகைப்படத்தில் பவர் சப்ளை வழக்கமான செவ்வக அளவில் இருக்கிறதா, உட்பக்கப் புகைப்படத்தில் மதர்போர்டுக்குப் போகும் பெரிய இணைப்பானில் 24 பின் இருக்கிறதா என்று பாருங்கள்.

மினி பிசி, ஆல்-இன்-ஒன்?

இந்த இரண்டையும் ஒரே தட்டில் வைக்கக் கூடாது. அலுவலகங்களுக்காக லெனோவோ, டெல், எச்பி விற்கும் ஒரு லிட்டர் கொள்ளளவுள்ள மினி பிசிகள் அருமையானவை: ஒன்றிரண்டு ஸ்க்ரூவில் மூடி திறக்கும், ரேமும் எஸ்எஸ்டியும் ஸ்லாட்டில், பல மாடல்களில் ப்ராசசர்கூட சாக்கெட்டில். ஆல்-இன்-ஒன்னில் திரையும் கணினியும் ஒன்றாக இருப்பதால், ஒன்று போனால் மற்றதும் முடங்கும். இட நெருக்கடிக்காக ஆல்-இன்-ஒன் யோசிப்பவர்கள், மினி பிசியை மானிட்டரின் முதுகில் மாட்டிப் பாருங்கள். அதே இடம்தான் பிடிக்கும்.

வைஃபை கார்டை மாற்ற முடியுமா?

எம்.2 ஸ்லாட்டில் தனியாக இருந்தால் முடியும். ஒரு குழப்பத்தை மட்டும் தவிருங்கள்: இன்டெல் ஏஎக்ஸ்210 கார்டு பொதுவான ஸ்லாட்டில் ஓடும், பெயரில் ஒரே எண் கூடுதலான ஏஎக்ஸ்211 அதற்கென வடிவமைத்த இன்டெல் கணினிகளில் மட்டுமே ஓடும். ஏஎம்டி லேப்டாப்பில் இரண்டாவதைப் போட்டால் கார்டே தெரியாது.

பழுதுபார்ப்பு மதிப்பெண்களை நம்பலாமா?

தொடக்கமாக வைத்துக்கொள்ளலாம். பிரான்ஸில் 2021 ஜனவரி முதல் லேப்டாப்பின் மேல் 10க்கு இத்தனை என்று பழுதுபார்ப்புக் குறியீடு காட்டுவது கட்டாயம். ஆவணங்கள், கழற்றும் எளிமை, பாகங்கள் கிடைப்பது, பாகங்களின் விலை, அந்தக் கருவிக்கே உரிய அம்சங்கள் என்று ஐந்து அளவுகோல்கள். மதிப்பெண்ணை நிறுவனமே கணக்கிட்டுப் போடுகிறது என்பதால், கூட்டுத்தொகையை விட உள்ளே உள்ள தனி மதிப்பெண்களைப் பார்ப்பது பயனுள்ளது. கழற்றும் எளிமையில் குறைவாக வாங்கியதை ஆவணங்களில் ஈடுகட்டியிருக்கலாம். ஐஃபிக்ஸிட் தானே கழற்றிப் பார்த்துப் போடுகிறது. ஆனால் சந்தையில் உள்ள மாடல்களில் சிலவற்றைத்தான் அதனால் பார்க்க முடியும்.

இன்னொருவர் பயன்படுத்திய பிசினஸ் லேப்டாப் வாங்குவது நல்லதா?

பட்ஜெட் குறைவாக இருப்பவர்களுக்கு என் முதல் பரிந்துரையே அதுதான். புதிய மலிவு லேப்டாப்பை விட, மூன்று வருடம் ஓடிய திங்க்பேட் அல்லது லாட்டிட்யூட் பல நேரம் உறுதியானது. நிறுவனங்கள் ஆயிரக்கணக்கில் வாங்கிய மாடல் என்பதால் பாகங்களும் தாராளமாகக் கிடைக்கும்.

மூன்று விஷயங்களைச் சரிபாருங்கள். விண்டோஸ் 10க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14உடன் முடிந்துவிட்டதால், விண்டோஸ் 11 ஏற்கும் ப்ராசசரா என்று பார்க்க வேண்டும். இன்டெல் என்றால் பொதுவாக 8ஆம் தலைமுறையும் அதற்குப் பிந்தையதும். லினக்ஸ் போடுவதாக இருந்தால் இந்தக் கட்டுப்பாடு இல்லை. அடுத்து, பயாஸில் கடவுச்சொல் பூட்டு இருக்கிறதா என்று உள்ளே போய்ப் பாருங்கள். இருந்தால் வாங்க வேண்டாம். கடைசியாக, விண்டோஸின் பேட்டரி அறிக்கையை எடுத்து, வடிவமைப்புக் கொள்ளளவையும் இப்போதைய முழு கொள்ளளவையும் ஒப்பிடுங்கள். பாதிக்கும் கீழே போயிருந்தால் புது பேட்டரியின் விலையைக் கழித்துப் பேரம் பேசுங்கள்.

நானே திறந்தால் வாரண்டி போய்விடுமா?

நாட்டுக்கு நாடு, நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும். ரேம், எஸ்எஸ்டி மாற்றுவதைப் பல நிறுவனங்கள் அனுமதிக்கின்றன. மாற்றும்போது நீங்கள் உடைத்ததற்குத்தான் பொறுப்பேற்க மாட்டார்கள். மேனுவலில் வாங்கியவரே மாற்றலாம் என்று எழுதியிருந்தால் அந்தப் பக்கத்தைச் சேமித்து வைத்துக்கொள்ளுங்கள். ஸ்க்ரூவின் மேல் முத்திரை ஒட்டி விற்கும் மாடல் என்றால் வாங்குவதற்கு முன்பே எழுத்தில் கேட்டுவிடுங்கள்.

முதல் முறை திறக்கிறேன். எதில் கவனமாக இருக்க வேண்டும்?

நட்சத்திர முனை கொண்ட டார்க்ஸ் டி5, சிறிய ஃபிலிப்ஸ் முனைகள், ஒரு பிளாஸ்டிக் நெம்புத் தகடு: பெரும்பாலான லேப்டாப்புக்கு இவ்வளவுதான் கருவி. கணினியை முழுக்க அணைத்து சார்ஜரைப் பிடுங்குங்கள். அடியில் எல்லா ஸ்க்ரூவும் கழன்ற பிறகும் ஒரு மூலை மட்டும் எழும்பவில்லை என்றால் வலுவாக இழுக்காதீர்கள். ரப்பர் கால்களுக்கு அடியில் இன்னும் ஸ்க்ரூ ஒளிந்திருக்கும். கழற்றிய ஸ்க்ரூக்களை அவை இருந்த இடத்தின்படியே தாளில் படம் வரைந்து வையுங்கள். எல்லாம் ஒரே நீளம் இல்லை; குட்டை ஸ்க்ரூவின் இடத்தில் நீளமானதை முறுக்கினால் அது மேலே போர்டையோ கீபோர்டையோ துளைத்துவிடும்.

மூடி திறந்ததும் முதல் வேலை பேட்டரியின் இணைப்பானைப் பிடுங்குவது. வேறு எதையும் அதற்கு முன் தொடாதீர்கள். தட்டையான ரிப்பன் கேபிள்களை இழுத்துக் கழற்றக் கூடாது. இணைப்பானின் ஓரத்தில் நகத்தளவு கறுப்புத் தாழ் ஒன்று இருக்கும், அதை மெல்ல மேலே தூக்கினால் கேபிள் தானாகத் தளர்ந்து வரும். வைஃபை கார்டின் கறுப்பு, வெள்ளை வயர்களை நேர்மேலாகத் தூக்கிக் கழற்றி, மாட்டும்போது சிறு சொடுக்குச் சத்தம் வரும் வரை நேராக அழுத்துங்கள்.

ஏற்கெனவே எல்லாம் சாலிடர் ஆன லேப்டாப்பை வாங்கிவிட்டேன். இனி என்ன செய்யலாம்?

நிறைய செய்யலாம். அதில் பேட்டரியும் ஃபேனும் இன்னும் மாற்றக்கூடியவையாகத்தான் இருக்கும். பயாஸிலோ நிறுவனத்தின் மென்பொருளிலோ சார்ஜை 80 சதவீதத்தில் நிறுத்தும் வசதி இருந்தால் இன்றே போட்டுவிடுங்கள். சார்ஜரிலேயே செருகி வேலை செய்கிறவர்களுக்கு பேட்டரியின் ஆயுள் நன்றாகவே நீளும். வருடத்துக்கு ஒருமுறை அடி மூடியைத் திறந்து ஃபேனின் தூசியை எடுங்கள். காற்றடிக்கும்போது ஃபேன் சுழலாதபடி ஒரு விரலால் பிடித்துக்கொள்ளுங்கள். சேமிப்பு போதவில்லை என்றால் யூஎஸ்பி எஸ்எஸ்டி இருக்கிறது. காப்புப் பிரதியைத் தானாக எடுக்கும்படி அமைத்துவிடுங்கள், ஏனென்றால் போர்டு போனால் கோப்புகளும் போகும் வகை இது. பேட்டரியின் மேல் அச்சிட்டிருக்கும் பாக எண்ணை இப்போதே படம் எடுத்து வைத்து, கொள்ளளவு இறங்கத் தொடங்கியதும், ஒரிஜினல் இன்னும் விற்பனையில் இருக்கும்போதே புதியதை வாங்கி மாட்டிவிடுங்கள்.